பதிப்பு 1.3.2

குண்டடம் இனி சுவருக்குள் போய் மாட்டிக்கொள்ள மாட்டான்.
ஊத்துக்குளி தோற்று விழுந்த பிறகும்
அவள் நிழல் மட்டும் நின்று குத்திக்கொண்டிருந்தது,
அதையும் படுக்க வைத்தாயிற்று.
மழைக்களத்தில் மழை
கூரைக்கு அடியிலும் பெய்ததை நிறுத்தினோம்.
அது பிழை என்று தெரியாமல்
என்ன கற்பனை என்று வியந்து எழுதியவருக்கு
எங்கள் நன்றி, தாமதமாக.

சண்டைக்காரர்களுக்கு
டவுன்பஸ் பலகையைப் பார்த்துத்தான் பெயர் வைத்தோம்.
இரண்டு பேர், ஒரு அறை,
வேலம்பாளையத்தில் ஒரு நிட்டிங் கம்பெனியின் மாடி.
கீழே மிஷின் ஓடினால்
மேலே டீ டம்ளர் மேசையில் தானாக நடக்கும்.
ஒரு ஷிஃப்டுக்கு எவ்வளவு தூரம் என்று
மௌலீஸ் சாக்பீஸில் கோடு போட்டு வைத்திருக்கிறான்.

இனி பெரிய திருத்தம்.

கொடுவாயின் எட்டி உதை
மூன்று பொத்தான்களை வரிசையாய் அழுத்தினால்தான் வரவேண்டும்.
இடது மூலையில் மட்டும்,
விழுந்த எதிராளி எழும் நான்காவது ஃப்ரேமில்,
ஒற்றைப் பொத்தானுக்கே வந்துகொண்டிருந்தது.
ஃப்ரேம் என்றால்
ஒரு நொடியை அறுபதாய்க் கிழித்ததில் ஒரு துண்டு.
அந்தத் துண்டைப் பதினொரு நாள் தேடினோம்.
கூட்டல் குறி நிற்கவேண்டிய இடத்தில்
ஒரு கழித்தல் குறி படுத்துக் கிடந்தது.
மாற்றினோம். புரோட்டா வாங்கிச் சாப்பிட்டோம்.
1.3.1 என்று அனுப்பிவிட்டுத் தூங்கினோம்.

காலையில் ஒரு மெயில்:

ஏனுங் தம்பி,
அந்த ஒத்தை உதையை எதுக்குங் எடுத்துப் போட்டீங்க?
நான் வெள்ளியங்கிரி, அவினாசி, கட்டிங் மாஸ்டர்.
வலது கையில ரெண்டு வெரலு கட்டர்ல போயிருச்சு,
அது கெடக்குது உடுங்க.
எனக்கு வர்ற அடி அது ஒண்ணுதானுங்.
ஆளை மூலைக்குத் தள்ளிட்டுப் போறது என்ற பாடு,
அவன் எந்திரிக்கற நேரத்தை எண்றது என்ற பாடு.
நீங்க அதைப் பிழைங்கறீங்க.
நானூத்திப் பன்னண்டு ஆட்டம் ஜெயிச்சிருக்கறனுங்.

மௌலீஸ் பதிவைத் திறந்து பார்த்தான்.
நானூற்றுப் பன்னிரண்டு, சரிதான்.
அதில் ஆறில் தோற்றவன் நான்.

பழையபடி விட்டுவிடலாம் என்றேன்.
விட்டால் மூலையில் மாட்டிய எவனும்
எழுந்திருக்கவே முடியாது என்றான் அவன்.
அந்நேரம் பார்த்துக் கரண்ட் போயிற்று.
கீழே மிஷின்கள் அடங்கிய பிறகுதான்
நாங்கள் எவ்வளவு கத்திக்கொண்டிருந்தோம் என்று கேட்டது.
மேல என்னங்ணா, அடிதடியா?
படிக்கட்டில் யாரோ டார்ச் அடித்தார்கள்.

ஆகவே,
கூட்டல் குறி கூட்டல் குறியாகவே இருக்கும்.
எந்த அடியையும் எந்தப் பொத்தானுக்கும் மாற்றிக்கொள்ளலாம்.
வரிசையாய் அழுத்த வராதவர்கள்
ஒன்றையே அழுத்திப் பிடித்தும் உதைக்கலாம்,
பதினாறு ஃப்ரேம் கூடுதலாகும்.
சலுகை இல்லை, அதுதான் விலை.
சோதிப்பதற்காக
என் இரண்டு விரல்களை இன்சுலேஷன் டேப்பில் சுற்றிக்கொண்டு
மூன்று ராத்திரி ஆடினேன்.
சாப்பிடும்போது பிரித்துக்கொண்டேன்.
அந்த இடத்தில் சோதனை செல்லாது.

நேற்று பதினொன்றரைக்கு அவர் வந்தார்.
முதல் சுற்றில் வெறும் காற்றை உதைத்தார், மூன்று தடவை.
இரண்டாம் சுற்றில் இடது மூலைக்கு என்னைத் தள்ளிப்போய்
பொத்தானைப் பிடித்தபடி நின்றார்.
பதினாறு ஃப்ரேம்.
தாராளமாகத் தப்பித்திருக்கலாம்.
விட்டுக்கொடுத்தேன் என்று யாரும் நினைக்கவேண்டாம்,
தப்பிக்கத்தான் பார்த்தேன்,
என் குண்டடம்
சுவருக்குள் போய் மாட்டிக்கொண்டான்.

நானூற்றுப் பதிமூன்று.

மேலே முதல் வரி நேற்றுச் சாயங்காலம் எழுதியது.
1.3.3 வரும்வரை
அதை நம்ப வேண்டாம்.